வெளிப்பூச்சு மறுவேலை: விழுந்த பாளத்தைப் புரட்டிப் பார்த்த கொத்தனார்

எங்கள் வீட்டு மேற்குச் சுவரில், மாடி ஜன்னலுக்கு மேலிருந்து ஒரு பூச்சுப் பாளம் இரவு மழையில் பெயர்ந்து விழுந்தது. காலையில் போய்ப் பார்த்தபோது எனக்குக் கை நடுங்கிவிட்டது. பையன் சைக்கிள் நிறுத்தும் இடம் அது. பூசி 4 வருஷம்தான் ஆகியிருந்தது.

முதலில் வந்தவர், விழுந்த இடத்தில் சிமெண்ட் அப்பிப் பெயின்ட் அடித்தால் போதும் என்றார். இரண்டாவதாக வந்த குழுவிடம்தான் வேலையைக் கொடுத்தேன். அந்தக் கொத்தனார் சுவரை நிமிர்ந்து பார்க்கும் முன்பே கீழே உடைந்து கிடந்த பாளத்தின் துண்டுகளைப் புரட்டிப் பார்த்தார். எனக்கு அது போதுமாக இருந்தது.

ஒரு துண்டின் பின்பக்கம் வழவழவென்று இருந்தது. விரலால் தேய்த்தால் மாவு மாதிரி தூசி. கான்கிரீட் பீம் மேலிருந்த துண்டு அது. பீமைக் கொத்திச் சொரசொரப்பாக்காமல், கழுவாமல், அப்படியே பூசியிருக்கிறார்கள். "இது பிடிக்கவே இல்லை சார், சும்மா ஒட்டிக்கிட்டு இருந்திருக்கு" என்றார். டேப் வைத்தார், 35 மில்லிமீட்டர் கனம். ஒரே தடவையில் அவ்வளவு அப்பினால் தன் எடையிலேயே இறங்கிவிடும் என்றார். பீமும் செங்கல்லும் சேரும் இடத்தில் பூச்சு வெடிக்காமல் பிடிக்கும் கோழிவலையும் (மெல்லிய கம்பிவலை) இல்லை. வெயிலில் இரண்டும் ஒரே அளவில் விரிவதில்லை, அதனால் அந்தக் கோட்டில் வெடித்து மழைத்தண்ணீர் உள்ளே போயிருக்கிறது.

மொட்டைமாடிக் கைப்பிடிச்சுவர் பக்கத்துத் துண்டின் பின்னால் வெள்ளையாக உப்பு பூத்திருந்தது. கைப்பிடிச்சுவரின் மேல்பக்க வெடிப்பு வழியாக இறங்கிய தண்ணீர், செங்கல்லில் உள்ள உப்பைக் கரைத்துக்கொண்டு வருகிறது. காயும்போது உப்பு படிகமாகி, பூச்சை உள்ளிருந்தே தள்ளுகிறது. அங்கே மேல் வெடிப்பை அடைக்காமல் எத்தனை தடவை பூசினாலும் விழும் என்று சொல்லி, அதைத்தான் முதலில் செய்தார்கள்.

அப்புறம் சுத்தியல் காம்பால் சுவர் முழுக்கத் தட்டி, உள்ளே வெற்றிடம் இருப்பதுபோல் பொத்தென்று சத்தம் வந்த இடமெல்லாம் சாக்பீஸால் வட்டம் போட்டார்கள். மொத்தம் 11 வட்டங்கள். விழுந்தது ஒன்றுதான், விழக் காத்திருந்தவை அத்தனை!

கலவையில் சிமெண்ட் கூடுதலாகப் போடச் சொன்னேன், போன தடவையும் அப்படித்தான் சொல்லியிருந்தேன். மறுத்துவிட்டார். சிமெண்ட் ஏற ஏறப் பூச்சு அதிகம் சுருங்கும், வெடிக்கும் என்றார். ஒரு பங்கு சிமெண்டுக்கு 5 பங்கு மணல் என்று கலவை, மணலைச் சலித்து, செங்கல்லை நனைத்து, முதல் பூச்சு 12 மில்லிமீட்டர். அதைக் கரணையால் கீறி விட்டு, இரண்டு நாள் கழித்து மேல்பூச்சு 8 மில்லிமீட்டர்.

குறையும் உண்டு. 7 நாள் தண்ணீர் விட வேண்டும் என்று சொன்னவர்கள், அதற்கு ஆள் அனுப்பவில்லை. வெயில் ஏறும் சுவர் என்பதால் சாக்கை நனைத்துத் தொங்கவிட்டு நானே காலையும் மாலையும் தண்ணீர் அடித்தேன். இதை வேலை பேசும்போதே கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள். சாரம் கட்ட இரண்டு நாள் தாமதமும் ஆனது.

வேலை முடிந்து இரண்டு மழைக்காலம் போய்விட்டது. போன வாரம் ஏணி போட்டு ஏறி, எட்டிய இடமெல்லாம் தட்டிப் பார்த்தேன். எல்லா இடத்திலும் கெட்டிச் சத்தம்தான்.