வீட்டுக் கடனை மாற்றித் தருவதாகச் சொன்னவரை நம்பி 74,737 ராண்ட் இழந்தேன்: டர்பன் தமிழர்களுக்கு ஓர் எச்சரிக்கை

தீபாவளி வாரத்தில் புதிய வங்கியிலிருந்து முதல் கணக்கு அறிக்கை வந்தது. அதைப் பார்த்ததிலிருந்து எனக்குச் சரியான தூக்கமில்லை. ஆத்திரம் அடங்கிய பிறகு எழுதலாம் என்று பத்து நாள் காத்திருந்தும் அது அடங்குவதாக இல்லை; ஆகவே இப்போதே எழுதிவிடுகிறேன். நான் இழந்த தொகை 74,737 ராண்ட், தென்னாப்பிரிக்கப் பணத்தில். இது கையிலிருந்து போனதும் கடனில் ஏறியதும் மட்டுமே. இனி இருபது ஆண்டுகளில் போகவிருப்பதை இதில் சேர்க்கவில்லை. கடனை மாற்றித் தந்த அலுவலகத்தின் பெயரை இங்கே எழுதப் போவதில்லை. வங்கிக்கும் வாடிக்கையாளருக்கும் இடையில் நின்று வீட்டுக் கடன் ஏற்பாடு செய்து தரும், இங்கே பாண்ட் ஒரிஜினேட்டர் என்று சொல்கிறோமே, அந்த வகை அலுவலகம் அது என்பது போதும். இப்படிப்பட்டவர்களிடம் எப்படி எச்சரிக்கையாக இருப்பது என்பதைக் கடைசியில் விரிவாக எழுதுகிறேன்.

நாங்கள் டர்பனின் சாட்ஸ்வொர்த் பகுதியில் இப்போதிருக்கும் வீட்டை 2016 மே மாதம் வாங்கினோம். கடன் 900,000 ராண்ட், இருபது ஆண்டுத் தவணை. அப்போது பிரைம் வட்டி, அதாவது வங்கிகள் கடனுக்கு அடிப்படையாக வைக்கும் வட்டி, 10.5 சதவீதம்; எங்களுக்கும் அதே வட்டிதான். மாதம் 8,985 ராண்ட் கட்டத் தொடங்கினோம். ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் தரும் ரெப்போ விகிதத்தோடு 3.5 சேர்த்தால் வருவது பிரைம் என்பதும், ரெப்போ அசைந்தால் நம் தவணையும் அசையும் என்பதும் இந்த நாட்டில் கடன் வாங்கிய எல்லோருக்கும் உடம்பிலேயே தெரிந்த பாடம். 2020இல் பிரைம் 7 சதவீதத்துக்கு இறங்கியபோது எங்கள் தவணை 7,250 ராண்ட் அளவுக்குக் குறைந்தது. 2023 மே மாதம் அது 11.75ஐத் தொட்டபோது 9,300ஐத் தாண்டியது. அந்த 2023இல் பட்ட பாடு மனத்தில் ஆறாமல் இருந்ததால்தான், மாதத் தவணையைக் குறைத்துத் தருகிறேன் என்று அந்த அலுவலகத்திலிருந்து ஒருவர் வந்து சொன்னவுடன் நான் காதைக் கொடுத்தேன்.

அவரை எனக்குக் கோயிலில் தெரியும். காவடித் திருவிழாவின்போது தண்ணீர்ப் பந்தலில் நின்று பால் செம்பு வாங்கிக் கொடுப்பவர். நான்கு தலைமுறையாக நேட்டாலில் வாழும் குடும்பம். தமிழில் பத்துச் சொல்தான் தெரியும், அந்தப் பத்தையும் என்னிடம் செலவழித்தார். ஜூன் மாதம் ஒரு வெள்ளிக்கிழமை மாலை வீட்டுக்கு வந்தவர், செருப்பை வாசலிலேயே கழற்றிவிட்டு, நேரே காமாட்சி விளக்கின் முன்னால் போய் நின்று கும்பிட்டார். பிறகு சமையலறை மேசையில் உட்கார்ந்து, மனைவி கொடுத்த தேநீரைக் குடித்துக்கொண்டே தன் தாத்தா கரும்புத் தோட்டத்தில் பட்ட துன்பத்தைச் சொன்னார். அதற்குப் பிறகு அவரிடம் கணக்குக் கேட்க எனக்கு வாய் வரவில்லை. நம் ஆள் என்ற எண்ணம் வந்துவிட்டால் நாம் எவ்வளவு மலிவாகப் போகிறோம் என்பதை நினைத்தால் எனக்கே வெட்கமாக இருக்கிறது.

அவர் கைப்பேசியில் எண்களைத் தட்டி, திரையை என் பக்கம் திருப்பிக் காட்டினார். "அண்ணா, மாதம் 1,748 ராண்ட் மிச்சம்" என்றார். பிரைமுக்கு அரை சதவீதம் கீழே வேறொரு வங்கியில் வாங்கித் தருவதாகவும், வக்கீல் செலவு எதுவும் கையிலிருந்து போகாது என்றும் சொன்னார். ஆலோசனைக் கட்டணமாக 18,500 ராண்ட் மட்டும் முன்பணமாகக் கட்ட வேண்டும். பதிவு முடிந்தவுடன் புதிய வங்கி அதைத் திருப்பித் தந்துவிடும் என்பது அவர் வாக்கு. அந்த நேரத்தில் அடுப்பருகே நின்றிருந்த என் மாமியார், "எத்தனை வருஷம், தம்பி?" என்று அவரைக் கேட்டார். பள்ளிக்கூடத்தில் ஐந்தாம் வகுப்பைத் தாண்டாதவர் அவர். நகராட்சி வீட்டுக்கு மாதாமாதம் கட்டிய ரசீதுகளை இன்றும் பிஸ்கட் டின்னில் வைத்திருப்பவர். "அதெல்லாம் நான் பார்த்துக்கொள்கிறேன், அத்தை" என்று நான்தான் அவரை அடக்கினேன். வந்தவர் சிரித்துக்கொண்டே தேநீர்க் கோப்பையைக் கீழே வைத்தார்; கேள்விக்குப் பதில் சொல்லவில்லை.

18,500 ராண்டை மறுநாளே அனுப்பிவிட்டேன். நான் மருந்துக் கிடங்கில் இருப்புச் சரிபார்க்கும் வேலை செய்கிறவன். ஒரு பெட்டியில் ஓர் அட்டை குறைந்தாலும் கையெழுத்துப் போட மாட்டேன். என் சொந்தக் கடன் பத்திரத்தில் மட்டும் அவர் விரல் காட்டிய இடத்திலெல்லாம் இனிஷியல் போட்டேன். கடன் தருகிறவர்கள் ஒப்பந்தத்துக்கு முன்னால் அசல், வட்டி, மற்றச் செலவுகள், மொத்தச் செலவு எல்லாவற்றையும் எழுதிய மதிப்பீட்டுத் தாளைக் கொடுத்தாக வேண்டும் என்று 2005ஆம் ஆண்டின் தேசியக் கடன் சட்டம் சொல்கிறது. அந்தத் தாள் எனக்கும் வந்தது; மறைக்கப்படவில்லை. அதை அவர் புரட்டிய வேகத்தில் நானும் புரட்டினேன், அவ்வளவுதான். இந்தத் தவறு என்னுடையது, ஒப்புக்கொள்கிறேன்.

செப்டம்பர் இறுதியில் பீட்டர்மாரிட்ஸ்பர்க் பத்திரப் பதிவகத்தில் பதிவு முடிந்தது. அறிக்கை வந்த அன்று இரவு முதல் வரியிலேயே கண் நின்றுவிட்டது. பழைய வங்கியில் மீதமிருந்தது 680,000 ராண்ட். புதிய கடன் 736,237 ராண்ட் 50 சென்ட் என்றிருந்தது. வித்தியாசம் எங்கிருந்து வந்தது என்று தேடினேன். புதிய பாண்டை (வீட்டின் மேலான அடமானப் பத்திரத்தை) பதிவு செய்த வக்கீலுக்கு 26,400. பழைய பாண்டை ரத்து செய்த வக்கீலுக்கு 5,950. புதிய வங்கியின் தொடக்கக் கட்டணம் 6,037 ராண்ட் 50 சென்ட். இவற்றுக்கெல்லாம் மேலே பழைய வங்கி எடுத்துக்கொண்ட அபராதம் 17,850. வீட்டுக் கடனை முன்கூட்டி முடிப்பதாக இருந்தால் மூன்று மாதத்துக்கு முன்னால் வங்கிக்கு அறிவிப்புக் கொடுக்க வேண்டும். கொடுக்காவிட்டால் மூன்று மாத வட்டி வரை அவர்கள் கேட்கலாம். ஜூன் மாதமே ஒரே ஒரு கடிதம் போட்டிருந்தால் செப்டம்பர் இறுதிக்குள் அந்தக் கெடு முடிந்திருக்கும். இந்த 17,850 ராண்டும் போயிருக்காது. இதே வேலையை நாள்தோறும் செய்கிறவருக்கு அது தெரியாமல் இருந்திருக்க முடியாது. இவை நான்கும் 56,237 ராண்ட் 50 சென்ட்; முன்பணமாகக் கட்டிய 18,500ஐயும் சேர்த்தால் 74,737 ராண்ட் 50 சென்ட். கையிலிருந்து போகாது என்று அவர் சொன்னது ஒரு வகையில் உண்மைதான், எல்லாம் கடனில் ஏறியிருந்தது.

இதைவிடப் பெரிய அடி அடுத்த பக்கத்தில் இருந்தது. பழைய கடனில் எனக்கு மீதமிருந்தவை 128 மாதங்கள். புதிய கடனின் காலம் 240 மாதங்கள். மிச்சமிருக்கும் காலத்துக்கே வட்டி குறைகிறது என்று நான் நினைத்துக்கொண்டிருந்தேன். அவரோ பத்தரை ஆண்டுகளுக்குச் சற்று மேலே மீதமிருந்த கடனை மீண்டும் இருபது ஆண்டுக் கடனாக்கிவிட்டார். எனக்கு வயது 51. பழைய கடன் 62 வயதாகும் முன்பே முடிந்திருக்கும். இது 71இல் முடியும். மாதம் 1,748 மிச்சம் எப்படி வந்தது என்பது அப்போதுதான் விளங்கியது. வட்டி குறைந்ததால் வந்தது அதில் கொஞ்சம். மற்றதெல்லாம் காலத்தை நீட்டியதால் வந்தது.

அன்றிரவு இரண்டு மணி வரை எக்செல்லில் உட்கார்ந்து கணக்குப் போட்டேன். பழைய கடனில் அன்றைய 10.5 சதவீதத்தில் தவணை 8,852 ராண்ட். அதில் இந்த மாத வட்டி 5,950 போக, அசலில் 2,900 ராண்ட் கழிந்திருக்கும். புதிய கடனில் 10 சதவீதத்தில் தவணை 7,105 ராண்ட். வட்டி 6,135 போக, அசலில் கழிவது 970 ராண்ட் மட்டும். மாதம் முழுதும் உழைத்துக் கட்டியதில் வீட்டுக்குப் போய்ச் சேர்வது 970 ராண்ட்! வட்டி இப்படியே இருந்தால், பழைய கடனுக்கு நான் இன்னும் கட்டவேண்டியிருந்தது ஏறத்தாழ 1,133,000; புதிய கடனுக்குக் கட்டப் போவது ஏறத்தாழ 1,705,000. வித்தியாசம் 572,000 ராண்ட். சரி, பழைய தவணையான 8,852ஐயே புதிய கடனுக்கும் விடாமல் கட்டினால் என்னாகும் என்று பார்த்தேன். அப்போதும் 142 மாதங்களுக்கு மேல் ஆகிறது, பழையதைவிட ஒரு வருடத்துக்கும் அதிகம். அரை சதவீத வட்டிக் குறைப்பு, கடனில் ஏறிய செலவைக்கூட ஈடுகட்டவில்லை. இதோடு மாதாமாதம் 69 ராண்ட் சேவைக் கட்டணம் வேறு. அதை 240 மாதத்துக்குப் பெருக்கினால் 16,560. சில்லறை என்று நாம் நினைப்பதெல்லாம் இப்படித்தான் சேர்கிறது.

மறுநாள் காலை அவரை அழைத்தேன். எடுக்கவில்லை. வாட்ஸ்அப்பில் அறிக்கையைப் படமெடுத்து அனுப்பினேன். இரண்டு நீலக் கோடுகள் விழுந்தன, பதில் இல்லை. மூன்றாம் நாள் குரல் செய்தி ஒன்று வந்தது: "அண்ணா, மாதம் 1,748 மிச்சமாகிறதே, அதைப் பாருங்கள்." 18,500 எப்போது திரும்ப வரும் என்று கேட்டதற்கு அது புதிய வங்கியின் பொறுப்பு என்றார். புதிய வங்கியில் நாற்பது நிமிடம் பாட்டுக் கேட்ட பிறகு பேசிய பெண், அப்படி ஒரு தொகையை அவர்கள் கேட்டதும் இல்லை, பெற்றதும் இல்லை என்றார். கடன் ஏற்பாடு செய்ததற்கான தரகை அந்த அலுவலகத்துக்கு வங்கியே கொடுத்துவிட்டதாம்! ஆக, ஒரே வேலைக்கு இரண்டு கூலி. பழைய வங்கியைக் கேட்டால் அறிவிப்பு வரவில்லை, அபராதம் ஒப்பந்தப்படி என்கிறார்கள். வக்கீல் அலுவலகத்தில், தாங்கள் பதிவு செய்கிறவர்கள் மட்டுமே என்கிறார்கள். நேரில் போனேன், வரவேற்பறையில் இருந்த பிள்ளை மிக மரியாதையாக, அவர் கூட்டத்தில் இருக்கிறார், நீங்கள் ஒரு மின்னஞ்சல் போடுங்கள் என்றது. கண்ணாடிக் கதவுக்குப் பின்னால் அவர் உட்கார்ந்து சாப்பிட்டுக்கொண்டிருந்தது தெரிந்தது. என்னிடம் இருக்கும் ரசீதில் ‘ஆலோசனைக் கட்டணம்’ என்ற சொல் மட்டுமே உள்ளது. திருப்பித் தரப்படும் என்று எழுத்தில் எங்கும் இல்லை. 74,737 ராண்டுக்கு எனக்குக் கிடைத்தவை ஒரு ரசீதும் ஒரு குரல் செய்தியும்.

விரிவாக எழுதுவதாகச் சொன்னேன். மனம் அதற்கு இடம் தரவில்லை. தோன்றுவதைச் சொல்லிவிடுகிறேன். யாராவது உங்கள் தவணையைக் குறைத்துத் தருவதாகச் சொன்னால், புதிய தவணையை மாதங்களால் பெருக்குங்கள், பழையதையும் அப்படியே பெருக்குங்கள், அவர் எதிரிலேயே பெருக்குங்கள். பாண்ட் ஒரிஜினேட்டருக்குத் தரகு தருவது வங்கி. உங்களிடம் முன்பணம் கேட்டால் கதவைக் காட்டுங்கள். கடனை மாற்றும் எண்ணம் இருந்தால் பழைய வங்கிக்கு 90 நாள் அறிவிப்பை முதல் நாளே எழுத்தில் கொடுங்கள். வட்டி குறைய வேண்டுமா, முதலில் உங்கள் பழைய வங்கியிடமே கேளுங்கள். கேட்பதற்குச் செலவில்லை, நான் கேட்கவே இல்லை. கையில் ஐந்நூறு ராண்ட் மிஞ்சினால் அசலில் போடுங்கள்: நான் 2016இலிருந்து மாதம் 500 கூடுதலாகக் கட்டியிருந்தால், 10.5 சதவீதக் கணக்கில் கடன் மூன்று ஆண்டு முன்னதாக முடிந்திருக்கும். பத்திரத்தை ஓர் இரவாவது வீட்டில் வைத்துப் படியுங்கள்.

தேசியக் கடன் ஒழுங்குமுறை ஆணையத்துக்குப் புகார் எழுதிக்கொண்டிருக்கிறேன். டர்பனிலோ ஃபீனிக்ஸிலோ டோங்காட்டிலோ இதே போல ‘ஆலோசனைக் கட்டணம்’ கட்டி ரசீது வைத்திருப்பவர்கள் யாராவது இருந்தால், அந்த ரசீதின் நகலை எனக்குத் தனிச் செய்தியில் அனுப்புங்கள். வெள்ளிக்கிழமைக்குள் கிடைத்தால் என் புகாரோடு சேர்த்தே அனுப்பிவிடுவேன்.