ஆறு ஓடுவது ஒரு ஊரில், வரி போவது எங்கே? யொக்மொக், எய்ட்ஃபியோர்ட், அர்யெப்லூக் – ஓர் ஒப்பீடு

ஸ்காண்டிநேவியாவில் ஆளே இல்லாத ஊர் எது என்று கேட்டால் பதில் சொல்வது சிரமம். அவ்வளவு போட்டி. வட சுவீடனில் ஒரு சதுர கிலோமீட்டருக்கு ஓர் ஆள்கூடத் தேறாத உள்ளாட்சிகள் வரிசையாக இருக்கின்றன. நார்வேயில் ஏறத்தாழ 200 பேர் மட்டுமே வாழும் ஊட்சிரா என்ற குட்டித் தீவுக்குக்கூடத் தனி மன்றம், தனி மேயர், தனிப் பள்ளிக்கூடம் எல்லாம் உண்டு.

இப்படிப்பட்ட ஊர்களைப் பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் இயற்கை அழகில் மயங்கி அங்கேயே நின்றுவிடுகிறார்கள். பனி, ஏரி, வடதுருவ ஒளி, அத்தோடு சரி. பள்ளிக்கூடத்தை யார் காசில் நடத்துகிறார்கள், பிரசவ வலி எடுத்தால் எவ்வளவு தூரம் போக வேண்டும் என்பதையெல்லாம் யாரும் கேட்பதில்லை. அந்தக் கண்ணோடு மூன்று இடங்களைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம். சுவீடனில் யொக்மொக், அர்யெப்லூக்; நார்வேயில் எய்ட்ஃபியோர்ட். மூன்றிலும் குளிர் அதிகம், ஆட்கள் குறைவு, சொத்து என்று சொல்ல இயற்கை மட்டும்தான். ஆனால் அந்தச் சொத்திலிருந்து வரும் வருமானம் எந்தக் கல்லாவில் விழுகிறது என்று பார்த்தால் மூன்றும் மூன்று திசையில் போகின்றன.

முதலில் அளவு. யொக்மொக் வடதுருவ வட்டத்தை ஒட்டிய ஊர். உள்ளாட்சியின் பரப்பு 19,000 சதுர கிலோமீட்டருக்கு மேல். மக்கள் 5,000 பேருக்கும் குறைவு. அர்யெப்லூக் இன்னும் வெறிச்சோடியது: 14,000 சதுர கிலோமீட்டருக்கு மேற்பட்ட நிலத்திலும் நீரிலுமாக 3,000 பேர்கூட இல்லை. நார்வேயின் ஹார்டாங்கர் ஃபியோர்டின் (மலைகளுக்கிடையே நுழையும் கடல்நீர்க் கிளை) உள்கோடியில் இருக்கும் எய்ட்ஃபியோர்ட் இவற்றோடு பார்த்தால் சின்ன இடம். சுமார் 1,500 சதுர கிலோமீட்டரில் ஆயிரத்தை ஒட்டிய மக்கள்.

ஆள்கணக்கில் யொக்மொக்தான் பெரிசு. பணக்கணக்கில் கதையே வேறு.

லூலே ஆறு சுவீடனிலேயே அதிக நீர்மின்சாரம் தரும் ஆறு. அதன் முக்கியமான நிலையங்கள் பல யொக்மொக் எல்லைக்குள்தான் இருக்கின்றன. இரும்புத்தாது ரயில்பாதைக்கு மின்சாரம் கொடுக்கக் கட்டிய பொர்யூஸ் 1915-இல் ஓடத் தொடங்கியது. 1950-களின் தொடக்கத்தில் வந்த ஹார்ஸ்பிராங்கெட்தான் இன்றைக்கும் நாட்டின் மிகப்பெரிய நீர்மின் நிலையம். 1909-இல் ஸ்தூரா ஷோஃபாலெட் அருவியைச் சுற்றித் தேசியப் பூங்கா அறிவித்த அதே அரசு, பத்தே வருடத்தில் பூங்காவின் ஒரு பகுதியை வெட்டி எடுத்து சுவொர்வா அணைக்குக் கொடுத்தது. அதன்பின் அணையை உயர்த்திக்கொண்டே போனார்கள். ஒவ்வொரு முறையும் கரையோரத்துச் சாமி பழங்குடியினரின் வீடுகளும் மேய்ச்சல் நிலங்களும் தண்ணீருக்கடியில் போயின.

இத்தனைக்கும் பிறகு யொக்மொக் மன்றத்துக்கு என்ன கிடைக்கிறது? சுவீடனில் நீர்மின் நிலையங்களுக்கான சொத்துவரி நேராக மத்திய அரசின் கஜானாவுக்குப் போகிறது. நிறுவன லாபத்தின் மீதான வரியும் அப்படியே. உள்ளாட்சியின் சொந்த வரி வருமானம் என்றால் அங்கே வாழ்கிறவர்களின் வருமான வரிதான். ஆளே இல்லாத ஊரில் அது எவ்வளவு வந்துவிடும்? இத்தனைக்கும் உள்ளாட்சி வரியும் வட்டார வரியும் சேர்ந்து ஒருவர் சம்பளத்தில் மூன்றில் ஒரு பங்கை எடுத்துக்கொள்கின்றன. அணைகளால் பாதிக்கப்பட்ட பகுதிகளுக்கென்று ஒரு சிறு நிதி உண்டு. அதையும் மாவட்ட நிர்வாகத்திடம் விண்ணப்பம் போட்டுத்தான் வாங்க வேண்டும். ஏழை உள்ளாட்சிகளுக்குச் சமநிலை மானியம் தருகிறோமே என்று ஸ்டாக்ஹோமில் சொல்வார்கள். உண்மைதான், தருகிறார்கள். ஆனால் தன் ஆற்றுக்குப் பங்கு கேட்பதும், கேட்ட இடத்தில் மானியம் வாங்குவதும் ஒன்றாகாது.

அப்படியே எல்லை தாண்டி நார்வேக்குப் போனால் காட்சி மாறுகிறது. எய்ட்ஃபியோர்டின் சீமா நிலையம் மலைக்குள் குடைந்து கட்டியது. திறன் 1,120 மெகாவாட். நார்வேயின் மிகப்பெரிய நிலையங்களில் ஒன்று. அந்த நாட்டில் நூறு வருடங்களுக்கு முன்பே, ஆறுகளை வெளிநாட்டு முதலாளிகள் வாங்கிக் குவித்துவிடுவார்கள் என்ற பயத்தில், உரிமச் சட்டங்கள் கொண்டுவந்தார்கள். 1917-ஆம் வருடச் சட்டத்தின் வழியில் இன்றைக்கும் ஆறு ஓடும் ஊருக்கு உரிமக் கட்டணம் உண்டு. உற்பத்தியாகும் மின்சாரத்தில் 10 சதவீதம் வரை அடக்க விலைக்கு வாங்கிக்கொள்ளும் உரிமையும் உண்டு. அதில் ஊரின் பொதுத் தேவை அளவுக்கு ஊருக்கு, மிச்சம் வட்டார நிர்வாகத்துக்கு; தன் பங்கை ஊர் சந்தை விலைக்கு விற்றுக்கொள்ளலாம். நிலையத்தின் மதிப்பில் ஆயிரத்துக்கு 7 வரை சொத்துவரி போடலாம், அதுவும் ஊருக்கே. 1997 முதல் இயற்கை வள வரி என்று யூனிட்டுக்கு 1.1 ஓரே (நார்வே குரோனில் நூறில் ஒரு பங்கு ஓரே) தனி. இந்தக் கடைசி வரி மட்டும் பணக்கார ஊர்களையும் ஏழை ஊர்களையும் சமன்செய்யும் நாடு தழுவிய கணக்கில் சேர்கிறது. சொத்துவரியையும் உரிம மின்சாரத்தையும் யாரும் தொட முடியாது.

இதன் பலனை எய்ட்ஃபியோர்டின் வரலாற்றிலேயே பார்க்கலாம். 1964-இல் சிறிய உள்ளாட்சிகளை இணைக்கும் அலையில் இதையும் உல்லென்ஸ்வாங்கோடு சேர்த்தார்கள். சீமா வேலைகள் மும்முரமாக நடந்துகொண்டிருந்த 1977-இல் எய்ட்ஃபியோர்ட் திரும்பவும் தனியாகப் பிரிந்தது. 2020-இல் அடுத்த இணைப்பு அலை வந்தது. ஒட்டா, யோண்டால், உல்லென்ஸ்வாங் மூன்றும் ஒன்றாயின. ஆயிரம் பேர் கொண்ட எய்ட்ஃபியோர்ட் அசையவில்லை. கையில் காசு இருக்கிறவன் கூட்டுக்குடும்பத்துக்கு எதற்குப் போகிறான்?

சும்மா கிடைத்த காசு இல்லை, கொடுத்த விலையும் உண்டு. 182 மீட்டர் உயரத்திலிருந்து விழும் வோரிங்ஸ்ஃபோசென் அருவிதான் எய்ட்ஃபியோர்டின் முகம். மேலே சீசென் அணையில் தண்ணீரைத் தேக்கிவிட்டதால், ஜூன் 1 முதல் செப்டம்பர் 15 வரை வினாடிக்குக் குறைந்தது 12 கனமீட்டர் தண்ணீர் அருவியில் விழ வேண்டும் என்று விதி போட்டிருக்கிறார்கள். சுற்றுலாப் பருவம் முடிந்தால் அந்தக் கட்டாயம் இல்லை. வீட்டுக் குழாயைத் திருகுவது போல அருவியைத் திறந்து மூடுகிறார்கள் என்று சொன்னால் மிகையில்லை. 2020-இல் பள்ளத்தாக்கின் குறுக்கே படிகளோடு ஒரு நடைபாலம் போட்டார்கள். கோடைக்கூட்டம் அதில் நின்று படம் எடுக்கிறது. ஃபியோர்டு வழியாகச் சொகுசுக் கப்பல் வந்து நிற்கிற நாளில் ஊர்க்காரர்களைவிட வந்திறங்குகிறவர்கள் அதிகம்.

அதே மின்திட்டம் நல்லது செய்த இடமும் உண்டு. சீமாடால் பள்ளத்தாக்குக்கு மேலே ஐந்நூறு மீட்டருக்கு மேல் உயரத்தில், செங்குத்துப் பாறை விளிம்பில், ஷியோசென் என்ற பண்ணை இருக்கிறது. காலங்காலமாகப் பாறையில் ஏணி வைத்து ஏறித்தான் அங்கே போனார்கள். மாவு மூட்டையோ மரச்சாமானோ எல்லாமே முதுகுச் சுமைதான். 1970-களில் மின்திட்ட வேலையோடு ஒரு சுரங்கச் சாலை வந்தது. ஒரு வண்டி போகும் அகலம்தான். அதனால் ஒரு மணி முறை: முழு மணி அடிக்கும்போது மேலே ஏறலாம், அரை மணிக்குக் கீழே இறங்கலாம். ஒரு நிமிடம் தாமதித்தால் வண்டியை நிறுத்திவிட்டுக் காத்துக் கிடக்க வேண்டியதுதான். ஆயிரம் பேர் உள்ள ஊரின் வேகம் என்ன என்பதற்கு இதைவிட நல்ல அளவுகோல் எனக்குத் தெரியவில்லை.

அர்யெப்லூக் விஷயம் சுருக்கமானது. அங்கே விற்பது பனிக்கட்டி. 1970-களில் தொடங்கி ஜெர்மன் கார் நிறுவனங்களும் உதிரிபாக நிறுவனங்களும் குளிர்காலச் சோதனைக்கு இங்கேதான் வருகின்றன. வழுக்காமல் பிரேக் பிடிக்கும் தொழில்நுட்பங்கள் பல இந்த ஏரிகளின் மேல் ஓடிப் பார்த்துத் தேறியவை. ஏரியின் மேல் விழும் பனியை உள்ளூர்க்காரர்கள் ஓயாமல் வழித்துத் தள்ளுகிறார்கள். பனி ஒரு கம்பளி. அதை எடுத்தால்தான் குளிர் உள்ளே இறங்கிக் கட்டி தடிக்கும். டிசம்பரிலிருந்து மார்ச் வரை ஊரின் ஜனத்தொகை இரட்டிப்பாகும். பொறியாளர்களுக்கு வீட்டை வாடகைக்கு விட்டுவிட்டு அடித்தளத்துக்கு இறங்கிக் குடியிருக்கிற குடும்பங்களும் உண்டு. வாடகை, சாப்பாடு, கடை வியாபாரம், பனி தள்ளும் வேலை என்று காசு வீடு வீடாக வருகிறது. யொக்மொக்கில் பார்த்த அதே வரிவிதிதான் இங்கேயும் என்பதால் கார் நிறுவனங்களின் லாபத்தில் மன்றத்துக்கு நேரடிப் பங்கில்லை. 1966-இல் இந்த உள்ளாட்சியின் வுவொகட்யோல்மேயில் பதிவான மைனஸ் 52.6 டிகிரிதான் இன்றுவரை சுவீடனின் சாதனைக் குளிர். அந்தக் குளிரை நம்பித்தான் முழுப் பிழைப்பும் ஓடுகிறது. குளிர்காலம் சுருங்கிவரும் காலத்தில் இது எனக்குப் பயமாகவே இருக்கிறது.

மருத்துவமனைத் தூரம்? எய்ட்ஃபியோர்டுக்கு வோஸ் இருக்கிறது. 2013-இல் ஹார்டாங்கர் பாலம் திறந்தபின் படகுக்குக் காத்திருக்கும் வேலை இல்லை, சுமார் ஒரு மணி நேரப் பயணம். கிழக்கே ஒஸ்லோ பக்கம் போவதுதான் பாடு. ஹார்டாங்கர் பீடபூமிச் சாலையில் பனிப்புயல் வந்தால் பனி தள்ளும் வண்டிக்குப் பின்னால் வரிசைகட்டிப் போக வேண்டும். சில நாள் சாலையையே மூடிவிடுவார்கள். யொக்மொக்காரர்களுக்கு யெல்லிவாரே, சுமார் 90 கிலோமீட்டர். அர்யெப்லூக்காரர்கள் கடற்கரைப் பக்கம் 200 கிலோமீட்டருக்கு மேல் போக வேண்டும். சின்னக் குழந்தைகளோ வயதான பெற்றோரோ உள்ளவர்களுக்கு ஒப்பீடு இந்த இடத்திலேயே முடிந்துவிடும்.

ஆனால் ஊர் என்பது வசதி மட்டும் இல்லை. இங்கேதான் யொக்மொக் முந்துகிறது.

1605-இல் வரி வசூலுக்கு வசதியாக இருக்கட்டும் என்று மன்னர் ஒன்பதாம் கார்ல் ஏற்படுத்திய குளிர்காலச் சந்தை இன்றும் நடக்கிறது. பிப்ரவரியின் முதல் வியாழன் தொடங்கி மூன்று நாள். மைனஸ் 30 சாதாரணம், 40-க்கும் போகும். அந்தக் குளிரில் தெருவை அடைத்துக் கடைகள். கலைமான் கொம்பில் செதுக்கிய கத்திப் பிடி, வேர்களைப் பின்னிச் செய்த கூடை, பிர்ச் மரக் கிண்ணம், அடுப்பில் புரட்டிப்போட்ட புகைக் கலைமான் இறைச்சி. நடுவில் கலைமான்களை வரிசையாகக் கட்டி நடத்திப்போகும் ஊர்வலம். இது வெளியூர்க்காரர்களுக்குக் காட்டும் வேடிக்கை மட்டும் அல்ல. கலைமான் மேய்ப்பவர்கள் உறவுகளைச் சந்திப்பதும், சாமி அரசியல் பேசுவதும், கல்யாணப் பேச்சு கனிவதும் இங்கேதான். 1942-இல் தொடங்கிய சாமி கல்விக்கூடத்தில் இன்றும் தோல், கொம்பு, மர வேலைகளையும் கலைமான் வளர்ப்பையும் சொல்லித்தருகிறார்கள். 1989-இல் திறந்த ஆய்த்தே அருங்காட்சியகமும் ஊருக்குள்ளேயே. 5,000 பேர் இல்லாத ஊருக்கு இது கொஞ்சநஞ்சமில்லை. அர்யெப்லூக்கிலும் ஒரு மருத்துவர் வாழ்நாளெல்லாம் சேர்த்த வெள்ளிப் பொருட்களோடு நல்ல அருங்காட்சியகம் இருக்கிறது. எய்ட்ஃபியோர்டில் பீடபூமி இயற்கை மையம் இருக்கிறது. ஆனால் யொக்மொக்கில் ஒரு மக்கள் கூட்டத்தின் மையமே இருக்கிறது.

இதை நான் பெரிதாக எடுத்துக்கொள்ள ஒரு காரணம் உண்டு. 1980-களிலிருந்து இலங்கைத் தமிழர்கள் பலர் நார்வேயின் வடகோடியான ஃபின்மார்க்கில் மீன் பதப்படுத்தும் ஆலைகளில் வேலைக்குச் சேர்ந்தார்கள். வேலை இருந்தது, சம்பளமும் இருந்தது. இருந்தும் காலப்போக்கில் நிறையப் பேர் ஒஸ்லோவுக்கும் பெர்கனுக்கும் இறங்கிவிட்டார்கள். பிள்ளைகளின் படிப்பு, சொந்தபந்தம், கோயில், தமிழ்ப் பள்ளி எல்லாம் அங்கே.

சரி, எதைத் தேர்ந்தெடுப்பது? குடும்பத்தோடு பத்து இருபது வருடம் இருக்கப்போகிறவருக்கு எய்ட்ஃபியோர்ட் என்றுதான் சொல்வேன். நார்வே மொழிக்கு இரண்டு எழுத்து வடிவங்கள் உண்டு; இங்கே பாடம் அவற்றில் ஒன்றான நீநோர்ஸ்க்கில் நடக்கும். புதிதாக வருகிறவர்கள் கற்பது பெரும்பாலும் மற்ற வடிவமான பூக்மோல். அந்தச் சிக்கலுக்கு ஆரம்பத்திலேயே தயாராகிக்கொள்ளுங்கள். இரண்டு மூன்று குளிர்காலம் உழைத்துச் சம்பாதிக்க அர்யெப்லூக். தனியாளாக, கைத்தொழிலிலோ மலையிலோ பைத்தியம் உள்ளவராக இருந்தால் யோசிக்காமல் யொக்மொக்.

யொக்மொக்குக்கு இப்போது இன்னொரு கணக்கும் வந்திருக்கிறது. கால்லோக் என்ற இடத்தில் இரும்புச் சுரங்கம் தோண்டுவதற்கான உரிமத்தை 2022 மார்ச்சில் அரசு கொடுத்தது. கலைமான்களின் வழித்தடம் அறுபடும் என்று சாமி மேய்ப்பர் சமூகங்கள் எதிர்க்கின்றன. வேலை வரும் என்று ஒரு தரப்பு ஆதரிக்கிறது. சுவீடனின் கனிமச் சட்டப்படி வெட்டியெடுக்கும் கனிமத்தின் மதிப்பில் ஆயிரத்தில் 2 பங்கு இழப்பீடு உண்டு. அதில் முக்கால்வாசி நிலத்தின் உரிமையாளருக்கு, கால்வாசி அரசுக்கு. உள்ளாட்சிக்கு அதில் எதுவும் இல்லை. சுரங்கத் தொழிலாளிகள் யொக்மொக்கிலேயே வீடு எடுத்துக் குடியேறினால் அவர்களின் வருமான வரி ஊருக்கு வரும். வாரத்துக்கு வாரம் வெளியூரிலிருந்து வந்துபோனால் அதுவும் வராது.