8×42 பைனாகுலர்: மொட்டைமாடியில் ஒரு வருடம்

நங்கநல்லூரில் எங்கள் மொட்டைமாடியில் நின்று வடக்கே பார்த்தால், ரெண்டு கிலோமீட்டர் தள்ளி மீனம்பாக்கம் விமானங்கள் போய்வரும் பாதை தெரியும். பதினெட்டு வருடமாகத் துணி காயப்போடும்போதெல்லாம் பார்த்ததுதான். எது போனாலும் எனக்கு அது ‘ஃப்ளைட்’. போன வருடம் பொங்கலுக்கு முன்னால் இந்த 8×42 பைனாகுலர் வீட்டுக்கு வந்தது. இப்போது பெரும்பாலான விமானங்களை மூக்கையும் வாலையும் வைத்தே சொல்லிவிடுகிறேன். இந்த அளவுக் கண்ணாடியைப் பல கம்பெனிகள் செய்கின்றன. நான் சொல்ல வந்தது அளவைப் பற்றி என்பதால் பிராண்டை விட்டுவிடுகிறேன்.

முதலில் ஏமாந்தேன். ‘இருபது மடங்கு பெரிசாத் தெரியும்மா’ என்று கடைக்காரர் சொன்னதை நம்பி 1,800 ரூபாய்க்கு ஒரு 20×50 வாங்கினேன். கை கொஞ்சம் நடுங்கினாலும் அந்த நடுக்கமும் இருபது மடங்காகிவிடும். விமானம் எங்கே என்று தேடிப் பிடிப்பதற்குள் அது கட்டடத்துக்குப் பின்னால் போயிருக்கும். இறங்கும் விமானம்கூட மணிக்கு சுமார் 250 கிலோமீட்டரில் வருகிறது, நமக்காக நிற்காது. ஒரு மாதத்தில் அதைப் பரணில் போட்டேன்.

வாங்குகிறவர்கள் அந்த ரெண்டு எண்ணையும் படிக்கத் தெரிந்துகொள்ளுங்கள். முதல் எண் எத்தனை மடங்கு பெரிதாகத் தெரியும் என்பது. இரண்டாவது முன்பக்கக் கண்ணாடியின் விட்டம், மில்லிமீட்டரில். 42-ஐ 8-ஆல் வகுத்தால் 5.25. கண்ணுக்கு வந்து சேரும் ஒளிவட்டத்தின் அகலம் அத்தனை மில்லிமீட்டர். அந்த 20×50-இல் அது வெறும் 2.5. சாயங்காலம் அதில் ஏன் எல்லாம் மங்கலாகவே தெரிந்தது என்று அப்புறம்தான் புரிந்தது. இன்னொன்று, பார்வைப் பரப்பு. என்னுடையதில் எட்டு டிகிரி. ஒரு கிலோமீட்டர் தூரத்தில் 140 மீட்டர் அகலம் ஒரே பார்வைக்குள் அடங்கும். எமிரேட்ஸின் போயிங் 777-300ER கிட்டத்தட்ட 74 மீட்டர் நீளம். அதுவே முழுசாக உள்ளே வந்து, சுற்றிலும் வானமும் மிச்சமிருக்கும்.

என்னைப் போல மூக்குக்கண்ணாடி போட்டவர்கள், கண்ணுக்கும் பைனாகுலருக்கும் இடையில் எவ்வளவு தூரம் விடலாம் என்று கடையில் கேளுங்கள். 15 மில்லிமீட்டருக்குக் குறையாமல் இருந்தால் நல்லது. என்னுடையதில் அது கம்மி. மூக்குக்கண்ணாடியோடு பார்த்தால் ஓரங்கள் வெட்டுப்படுகின்றன. அதைக் கழற்றி நெற்றிமேல் ஏற்றிவிட்டுத்தான் பார்க்கிறேன். இந்தக் கண்ணாடியில் எனக்குள்ள பெரிய குறை இதுதான். முக்கால் கிலோ எடை, கூட வந்த பட்டை மெலிசு, கழுத்தை அறுக்கும். அதை மாற்றிவிட்டேன்.

கற்றுக்கொண்டது எப்படி? இறக்கை, எஞ்சின், உடல், வால். எப்போதும் இதே வரிசையில் பார்ப்பேன். இறக்கை உடலுக்கு மேலே இருந்து விசிறியும் சுழன்றால் அநேகமாக ஏடிஆர் 72. தூத்துக்குடிக்கு இண்டிகோ ஓட்டுவது அதுதான். அதன் வால் ‘டி’ எழுத்து மாதிரி உச்சியில் குறுக்குப் பட்டை போட்டிருக்கும். அதே ஜாடையில் சின்னதாக, குறுக்குப் பட்டை கீழே இருந்தால் கடலோரக் காவல்படையின் டோர்னியர். க்யூ400 என்ற இன்னொரு விசிறி விமானம் வந்தால் சக்கரத்தைப் பாருங்கள். அதற்கு எஞ்சின் கூட்டிலிருந்தே நெடுநெடுவென்று கால் இறங்கும். ஏடிஆருக்கு வயிற்றுப் பக்கத்துப் புடைப்பிலிருந்து வரும்.

எல்லாரும் குழம்புவது ஏர்பஸ் ஏ320, போயிங் 737 ரெண்டிலும்தான். ஏ320-க்கு மூக்கு உருண்டை, 737-க்குக் கூர். ஏ320-இன் வால் முதுகிலிருந்து ஒரே சாய்கோடாக எழும்பும். 737-இன் வால் அடியில் முன்பக்கம் ஒரு முக்கோணம் ஒட்டவைத்த மாதிரி ஒரு மடிப்பு தெரியும். டிசம்பரில் சூரியன் தெற்கே சாய்ந்திருப்பதால், வடக்கே பார்த்து நின்றால் வெளிச்சம் நம் முதுகுக்குப் பின்னால். இந்த மடிப்பை நான் முதலில் பார்த்தது அப்படி ஒரு காலையில், ஆகாசா ஏர் கம்பெனியின் 737-இல். கொடியில் போட வேண்டிய புடவை வாளியிலேயே கிடந்தது.

கண்ணாடியின் அருமை முழுசாகத் தெரிந்தது ஆலந்தூரில், அக்கா வீட்டு மாடியில். விமானம் காற்றை எதிர்த்துத்தான் ஏறும், இறங்கும். வடகிழக்குக் காற்று அடிக்கும் மாதங்களில் கிழக்கே பார்த்து ஏறி ஆலந்தூர் தலைக்குமேல் போகும். அக்கா பையன், ஒன்பதாவது படிக்கிறான், கண்ணாடியை வாங்கி நிமிர்ந்து பார்த்தவன் கத்தினான்: “சித்தி, சக்கரம் உள்ள போயிடுச்சு, ஆனா கதவே மூடல!” வெள்ளை வயிற்றில் ரெண்டு கறுப்பு வட்டங்கள். 737-இன் பின்சக்கரங்களுக்கு முழுக் கதவு கிடையாது, டயரின் வெளிப்பக்கம் தெரிந்துகொண்டே இருக்கும். 1967-இல் முதல்முறை பறந்த காலத்திலிருந்தே அப்படித்தான். தரைக்கு ரொம்ப நெருக்கமாகக் கட்டிய உடம்பு அது. பின்னாளில் பெரிய எஞ்சின் மாட்டியபோது இடம் போதாமல் கூட்டின் அடிப்பக்கத்தைத் தட்டையாக்கினார்கள். எதிரே நின்று பார்த்தால் அந்தத் தட்டையும் தெரியும்.

மேலே போகும் விமானம் எது என்று காட்ட ஃப்ளைட்ரேடார்24 ஆப் இருக்கும்போது இதெல்லாம் எதற்கு என்று வீட்டில் கேட்டார்கள். ஆப் நல்ல ஆப், தினமும் திறக்கிறேன். ஆனால் ரெண்டு வருடம் அதை மட்டும் வைத்திருந்தபோது ஒரு விமானத்தைக்கூட நான் அடையாளம் கற்றுக்கொள்ளவில்லை. பெயரைப் படித்ததும் கண் வேலையை நிறுத்திவிடுகிறது. இப்போது முதலில் பார்ப்பேன், வாய்விட்டு ஒரு பெயர் சொல்வேன், அப்புறம்தான் ஆப். தப்பானால் விமானம் மறைவதற்குள் திரும்ப ஒருதடவை பார்த்து, எதில் தப்பு செய்தேன் என்று கண்டுபிடிப்பேன். ராணுவ விமானங்கள் பலவும் ஆப்பில் வராது. அங்கே நம் கண்தான் கதி. ஏ320-ஐயும் ஏ321-ஐயும் இன்னும் சிலசமயம் மாற்றிச் சொல்கிறேன். ஏழு மீட்டர் நீள வித்தியாசம், பக்கத்தில் இன்னொன்று இல்லாமல் பிடிபடுவது கஷ்டம்.

ரெண்டு எச்சரிக்கை. சூரியன் பக்கம் மறந்தும் திருப்பாதீர்கள், கண் போய்விடும். நம் ஊர் ஈரத்தில் லென்ஸுக்குள் பூஞ்சை பிடிக்கும். மூடி இறுக்கமான டப்பாவில் சிலிக்கா ஜெல் பொட்டலங்கள் போட்டு வைத்திருக்கிறேன், இதுவரை சுத்தமாக இருக்கிறது.

விலை 8,200 ரூபாய். அக்கா பையன் சொந்தமாக ஒன்று கேட்கிறான். அவனுக்கும் இதே 8×42 தான் சொல்லியிருக்கிறேன்.