மருத்துவப் பணியாளர் தேர்வு: அறிவிக்கையை எதிர்ப்பதா, முடிவை எதிர்ப்பதா?

தமிழ்நாட்டில் அரசு மருத்துவமனைகளின் மருத்துவர், செவிலியர் காலியிடங்களை நிரப்ப 2012இல் மருத்துவப் பணியாளர் தேர்வு வாரியம் அமைக்கப்பட்டது. தேர்வு முறையில் குறை கண்டவர் அரசியலமைப்பின் 226ஆம் கூறின்கீழ் உயர் நீதிமன்றத்தை நாடலாம். எந்தக் கட்டத்தில் நாடுகிறார் என்பதில்தான் வழக்கின் பாதி வலு இருக்கிறது.

கல்வித் தகுதியோ இடஒதுக்கீட்டுக் கணக்கோ பிழையாக இருந்தால், அறிவிக்கை வந்த உடனேயே வழக்குத் தொடுப்பதே நல்லது. ஆட்சேபமின்றித் தேர்வில் பங்கேற்று, வாய்ப்பை இழந்தபின் அதே முறையைக் குறைகூற முடியாது என்று 1995இல் மதன் லால் வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியது. ஆனால் இந்த வழியில் ஒரு கேடும் உண்டு. இடைக்காலத் தடை கிடைத்துவிட்டால் நியமனம் முழுவதும் நின்றுபோய், ஆரம்ப சுகாதார நிலையத்தில் இரவுப் பணிக்குச் செவிலியர் இல்லாத நிலை மாதக்கணக்கில் நீளும். ஆகவே முழுத் தடையைக் கோராமல், நியமனங்கள் வழக்கின் இறுதித் தீர்ப்புக்குக் கட்டுப்பட்டவை என்ற உத்தரவைக் கோருவதே நோயாளிகளுக்கும் நியாயம் என்பது என் உறுதியான கருத்து.

முடிவுக்குப் பிந்தைய வழக்கு, தேர்வு நடக்கும்போதே விதி மாற்றப்பட்டிருந்தால் பொருந்தும். விதிகளோ விளம்பரமோ அனுமதித்தாலன்றித் தகுதி வரையறையை இடையில் மாற்றலாகாது என்று 2024 நவம்பரில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு தீர்ப்பளித்தது. விடைக்குறிப்பைப் பற்றிய வழக்குகளில் நீதிமன்றங்கள் தயக்கத்துடனேயே தலையிடுகின்றன. தேர்வானவர்களையும் எதிர்மனுதாரர்களாகச் சேர்க்க வேண்டியிருக்கும்.