படப்புதிர்ப் புத்தகங்கள்: நாலு வருஷம் பிள்ளைகள் கையில் கொடுத்துப் பார்த்ததில்

கதைப் புத்தகம்தான், ஆனால் திருடன் யாரென்று கதை சொல்லாது. ஒவ்வொரு படத்துக்குள்ளும் துப்பை ஒளித்து வைத்துவிட்டு, ‘நீயே கண்டுபிடி’ என்று விட்டுவிடும். அந்த வகைப் பெரிய படப்புதிர்ப் புத்தகங்களைப் பற்றிய குறிப்பு இது. வியாசர்பாடி, காசிமேடு, புது வண்ணாரப்பேட்டைப் பக்கத்து மாலை வகுப்புகளில் 7 முதல் 12 வயது வரையுள்ள பிள்ளைகளிடம் நாலு வருஷமாகப் புழங்கிய புத்தகங்களை வைத்து எழுதியது. முதல் மாதம் எல்லாப் புத்தகமும் பிரமாதமாகத்தான் இருக்கும். ஆறு மாதம் கழித்து எதை எடுக்கிறார்கள் என்பதுதான் கணக்கு. படம் அழகாக இருந்தும் தூசி படிந்து கிடக்கும் புத்தகங்கள் உண்டு. பெரும்பாலும் அவற்றின் விடை எப்போதோ வெளியே கசிந்திருக்கும்.

ஆகவே முதலில் விடை. ஆஸ்திரேலியாவின் கிரேம் பேஸ் 1988இல் வெளியிட்ட ‘தி லெவன்த் அவர்’ புத்தகத்தில் ஹோரஸ் என்ற யானையின் 11ஆவது பிறந்தநாள் விருந்தை யாரோ முன்னாடியே தின்று தீர்த்துவிடுகிறார்கள். விடைப் பகுதி ஒட்டி மூடியபடியே வரும். நல்ல ஏற்பாடு, ஆனால் ஒரு தடவைக்குத்தான். பிரித்துவிட்டால் அடுத்த குழுவுக்குக் காவல் இல்லை. வேறு பல புத்தகங்களில் விடை கடைசிப் பக்கத்தில் தலைகீழாகவோ பொடி எழுத்திலோ திறந்தே கிடக்கும். தலைகீழாக அச்சடித்தால் பிள்ளைகள் படிக்கமாட்டார்கள் என்று நினைத்தவர் பிள்ளைகளையே பார்த்திராதவராக இருக்க வேண்டும்.

பசை போட்டு மூடாதீர்கள். இந்தப் புத்தகங்கள் வழவழப்பான ஆர்ட் பேப்பரில் அச்சானவை. பிரிக்கும்போது மேல்தோல் எழுத்தோடு உரிந்து வரும். செலோடேப்பும் அப்படித்தான், கூடவே மஞ்சளாகும். ஸ்டேப்ளர் பின் நம் கடற்காற்றில் ஒரே மழைக்காலத்தில் துருப்பிடித்துப் பக்கத்தில் பழுப்புக் கறை விடும். இதுவரை தாக்குப்பிடித்தது ஒரே முறை: விடைப் பக்கங்களை மட்டும் ஒன்றாகப் பிடித்து, நோட்டுக்கு அட்டை போடுவதுபோல பிரவுன் பேப்பரால் சுற்றி மடித்து, இரண்டு இடத்தில் 25 மி.மீ. பைண்டர் கிளிப். பிறகு பிரவுன் பேப்பரின் மடிப்பு சேரும் இடத்துக்குக் குறுக்கே பென்சிலால் ஒரு சாய்வுக் கோடு. யாராவது பிரித்து மறுபடி மூடினால் கோட்டின் இரண்டு பாதியும் சேராது. இதைப் பிள்ளைகளிடம் முன்னாடியே சொல்லிவிட வேண்டும். சொன்ன பிறகு அந்தக் கோட்டைச் சோதிப்பதே அவர்களுக்கு ஒரு துப்பறியும் வேலையாகிவிடுகிறது.

அப்படியும் ஒரு பிள்ளைக்கு விடை தெரிந்துவிட்டால் வெளியே அனுப்ப வேண்டாம். நடுவராக்கிவிடுங்கள். ‘ஆமா’, ‘இல்ல’, ‘சம்பந்தமில்ல’ என்ற மூன்று பதில்தான் சொல்லலாம். ஒரு நாளைக்குப் பத்துக் கேள்வி. ரகசியம் காக்கிற பதவி கிடைத்ததும் வாய் தானாக மூடிக்கொள்ளும்.

ஒரு புத்தகத்துக்கு நாலு பேர். ஐந்தாவது ஆள் வந்தால் முழங்கை இடிக்கத் தொடங்கும், ஆறாவது ஆள் வந்தால் பக்கம் கிழியும். நேராக இரண்டு பேர், பக்கவாட்டில் ஒருவர், எதிரில் ஒருவர். எதிரில் தலைகீழாகப் பார்க்கிற பிள்ளைக்குத்தான் ஒளிந்திருக்கும் உருவம் முதலில் கண்ணில் படுகிறது என்பது திரும்பத் திரும்பக் கண்டது. கதையை மறந்து வெறும் வடிவத்தைப் பார்ப்பதால் இருக்கலாம். அதனால் இடத்தை ஒவ்வொரு நாளும் மாற்றுகிறோம்.

ஒரு நாளைக்கு ஒரு விரிப்பு, அதாவது எதிரெதிர் இரண்டு பக்கம். 35 நிமிஷம் போதும். 32 பக்கப் புத்தகத்தில் கதை ஓடும் விரிப்புகள் 14 வரும்; வாரம் இரண்டு என்றால் ஏழு வாரம். முதல் ஐந்து நிமிஷம் யாரும் பேசக்கூடாது. கண்டுபிடித்த மறுநொடி கத்துகிற பிள்ளை எல்லாக் குழுவிலும் ஒன்று இருக்கும், அந்தக் கத்தலில் மற்ற மூன்று பேருக்கும் அன்றைய பக்கம் முடிந்துபோகும். வழி: துண்டுச் சீட்டில் எழுதி மடித்துக் காலி பிஸ்கட் டப்பாவில் போடுவது. சீட்டில் மூன்று விஷயம்: எந்தப் பக்கம், படத்தில் எங்கே, அது எதைக் காட்டுகிறது. மூன்றாவது இல்லாத சீட்டு செல்லாது. இந்த ஒரு விதி இல்லாவிட்டால், இரண்டாம் நாளே ‘நரிதான் திருடன், மூஞ்சியப் பாரு’ என்று கதை முடிந்துவிடும்.

சந்தேகப்படுகிறவரைக் குறிப்பது மட்டும் போதாது, மற்றவர்கள் ஏன் இல்லை என்றும் காட்ட வேண்டும். அதற்குக் கட்டம் போட்ட கணக்கு நோட்டு. மேலே பெயர்கள், இடப்பக்கம் நேரம். ஒரு ஆள் அந்த நேரத்தில் வேறு இடத்தில் இருந்தது படத்தில் தெரிந்தால் கட்டத்தில் பெருக்கல் குறி. இங்கே எதிர்பாராத தடை ஒன்று: கடிகாரம். முள் கடிகாரம் பார்க்கத் தெரியாத ஐந்தாம் வகுப்புப் பிள்ளைகள் நிறைய. நேரம் பார்ப்பது போனில்தானே. புத்தகம் தொடங்கும் முன் இரண்டு நாள் இதற்கு ஒதுக்குங்கள். கண்ணாடியில் தெரியும் கடிகாரம் வந்தால் 11 மணி 60 நிமிஷத்திலிருந்து கழிக்கச் சொல்லலாம்: கண்ணாடியில் 7.40 போலத் தெரிந்தால் உண்மை நேரம் 4.20.

இடவலம் திருப்பி எழுதிய கண்ணாடி எழுத்துக்குத் தனிக் கண்ணாடி தேவையில்லை. போனின் செல்ஃபி கேமராவைப் பக்கத்தின் மேல் பிடித்தால் திரையில் எழுத்து நேராகத் தெரியும். படம் எடுத்துச் சேமித்தால் பல போன்களில் மறுபடி திரும்பிவிடும், அதனால் திரையிலேயே படித்துவிட வேண்டும்.

வாங்குவது பற்றி. முழுக்கதையாக நீளும் இந்த வகை தமிழில் அரிது. ஆறு வித்தியாசம், வழி கண்டுபிடி என்ற அளவில்தான் நமக்குப் பழக்கம். ஆங்கிலத்தில் புதியது வேண்டுமானால் ஜனவரி புத்தகக் காட்சி. பழையதற்கு சென்ட்ரல் பக்கத்து மூர் மார்க்கெட் (1985இல் எரிந்தது பழைய கட்டடம், கடைகள் அதன்பின் பக்கத்திலேயே இடம் மாறியவை). பழையது எடுக்கும்போது பின்னாலிருந்து புரட்டுங்கள். விடைப் பகுதி அநேகமாகக் கிழிந்தே இருக்கும், அது பரவாயில்லை. முந்தைய சொந்தக்காரர் துப்புகளைப் பேனாவால் வட்டம் போட்டிருந்தால் வைத்துவிட்டு வாருங்கள்; பென்சில் என்றால் நல்ல ரப்பரால் போய்விடும். சிவப்புத் தாள் வைத்துப் பார்க்கும் ரகத்தில் அந்தத் தாள் மட்டும் தொலைந்திருக்கும். ஸ்டேஷனரி கடையில் கிடைக்கும் சிவப்பு ஜிலேட்டின் பேப்பரை இரண்டாக மடித்து வைத்தால் அதே வேலை செய்யும்: சிவப்பு மையில் உள்ள கிறுக்கல் மறைந்து, அடியில் நீலத்திலோ பச்சையிலோ உள்ள எழுத்து கருப்பாக மேலே வரும். ஒற்றைத் தாள் மெல்லிசு, சிவப்பு முழுக்க மறையாது.

நாலு குழுவுக்கும் கொடுக்க ஜெராக்ஸ் எடுக்கலாமே என்று தோன்றும். கருப்பு வெள்ளையில் நிறத்தை வைத்த துப்பெல்லாம் செத்துவிடும். பச்சைப் பொத்தானும் சிவப்புப் பொத்தானும் ஒரே சாம்பல்.

இனி மொழி. படத்துப்பு, எண் துப்பு இரண்டும் எந்த மொழியிலும் நடக்கும். எழுத்தை வைத்த துப்பு மட்டும் ஆங்கிலத்தோடு ஒட்டிக்கொண்டது. மொழிபெயர்த்தால் ஒன்றும் மிஞ்சாது. அந்த இடத்தில் ஸ்டிக்கி நோட் ஒட்டி மறைத்துவிட்டு, அதே விஷயத்தைச் சொல்லும் தமிழ்ச் சங்கேதம் ஒன்றை மேலே எழுதிவிடுவதே நல்லது. முதலில் மெய்யெழுத்து 18ஐயும் ஒரு இடம் தள்ளிப் பார்த்தோம்: க போய் ங, ப போய் ம, கடைசி ன சுற்றி வந்து க. ‘பூனை’ என்பது ‘மூகை’ ஆகும். வேடிக்கைதான், ஆனால் படிக்கும்போது பின்னால் தள்ள வேண்டும் என்பதை மறந்து பிள்ளைகள் மறுபடி முன்னால் தள்ளிவிடுகிறார்கள். அதைவிட இன எழுத்து மாற்றம் சுலபம். இலக்கண வகுப்பில் படிக்கும் அதே ஆறு சோடி: க–ங, ச–ஞ, ட–ண, த–ந, ப–ம, ற–ன. வல்லினத்துக்கு மெல்லினம், மெல்லினத்துக்கு வல்லினம், இடையினத்தைத் தொடாதே. பூட்டுவதற்கும் திறப்பதற்கும் ஒரே சாவி. ‘பாம்பு’ ‘மாப்மு’ ஆகும், ‘கப்பல்’ ‘ஙம்மல்’ ஆகும். கு, கூ வரும் சொல் வேண்டாம். ஙு, ஙூ எழுதத் தெரியாமல் சின்னப் பிள்ளைகள் நின்றுவிடுவார்கள்.

இதில் ஒரு புதையல் இருக்கிறது. சில சொற்கள் மாற்றினாலும் உண்மைச் சொல்லாகவே வரும். ‘பல்லி’யை மாற்றினால் ‘மல்லி’. ‘மணி’யை மாற்றினால் ‘படி’. படத்தில் ஒரு பூக்காரம்மாவையும் சுவரில் ஒரு பல்லியையும் வரைந்து, சீட்டில் ‘மல்லி’ என்று மட்டும் எழுதினால் அரைமணி நேரம் எல்லோரும் பூக்கூடையையே துழாவுவார்கள். தமிழ் எண்களும் இப்படி ஏமாற்றும்: ௮ என்பதை அ என்றும், ௨ என்பதை உ என்றும் படித்துவிட்டுத் திணறுவார்கள். ‘எட்டேகால் லட்சணமே’ என்று ஔவை பாடலில் வருவது இதே வித்தைதான், எட்டுக்கு அ, காலுக்கு வ. எழுத்தைக் கலைத்துப் போட்டு அடுக்கும் புதிரில் ஒரு எச்சரிக்கை: சதுரமாக வெட்டும்போது ‘கொ’ ஒரே சதுரத்தில் இருக்க வேண்டும். கொம்பைத் தனியாக, காலைத் தனியாக வெட்டிக் கொடுத்தால் விடை நாலுவிதமாக வரும்.

ஊர் மாறுவதால் வரும் சிக்கல் இன்னொன்று. கணப்படுப்புக் கரியில் பதிந்த காலடி, பனியில் சக்கரத் தடம் எல்லாம் நம் பிள்ளைகளுக்குத் துப்பாகவே தெரியாது, சும்மா படம். ஒரு வரி விளக்கம் கொடுத்துவிடுவது நியாயம். நிழல் துப்பு அதைவிடக் கஷ்டம். ‘நடுப்பகலில் நிழல் வடக்கே விழும்’ என்று ஐரோப்பியப் புத்தகம் சொல்லும். சென்னை 13 டிகிரி வடக்கில் இருப்பதால், ஏப்ரல் கடைசியிலிருந்து ஆகஸ்ட் நடுவரை இங்கே உச்சிவெயில் நிழல் தெற்கே விழும். அந்த இரு முனைகளிலும் நிழலே காணாமல் போகும். கோடை விடுமுறையில் மொட்டைமாடிக்குப் போய்ச் சோதித்த பிள்ளைகள் ‘புக்கு தப்பு’ என்று வந்து நிற்பார்கள். அவர்கள் சொல்வதும் சரிதான்.

இதனாலேயே இரண்டாம் வருஷத்திலிருந்து சார்ட் பேப்பரில் உள்ளூர்ப் படம் போட ஆரம்பித்தது. ஒரு சார்ட்டுக்கு ஏழு துப்பு, இரண்டு பொய்த்துப்பு. பொய்த்துப்பு மூன்றானால் பிள்ளைகள் கோபப்படுகிறார்கள். நன்றாக ஓடிய படம் ஒன்று: காசிமேட்டு ஏலக்கூடம், சுவரில் மே 10 காட்டும் தேதிக் காலண்டர், வஞ்சிரம் விற்கும் ஆள் ‘நேத்து ராத்திரி விசைப்படகுல போய்ப் புடிச்சது’ என்கிறான். கிழக்குக் கடற்கரையில் விசைப்படகுக்கு ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் தடைக்காலம். பெரம்பூர் பக்கத்துப் பிள்ளைகள் மீனின் கண்ணை, தராசை எல்லாம் பார்த்துக்கொண்டிருக்க, துறைமுகத்துப் பிள்ளைகள் பத்தே நொடியில் ‘தடைக்காலத்துல போட்டு ஏதுக்கா, பொய் சொல்றான்’ என்றார்கள். முதல் வடிவத்தில் வெறும் ‘படகு’ என்று எழுதியிருந்தோம். ‘கட்டுமரத்துக்குத் தடையில்லையே’ என்று ஒரு பையன் மடக்கியதால்தான் ‘விசை’ சேர்ந்தது.

கேரம் படமும் அப்படி. 9 வெள்ளை, 9 கருப்பு, 1 சிவப்பு, ஆக 19 காய். பலகையிலும் குழிகளிலுமாக 18 மட்டும் வரைந்து, மிச்சம் ஒன்றை யார் கையில் வைத்திருக்கிறார் என்பது கேள்வி. 2024இல் கேரம் உலகக் கோப்பையில் தங்கம் வென்ற காசிமாவின் ஊரான புது வண்ணாரப்பேட்டையில் இதைக் கொடுத்தால் விளக்கமே தேவைப்படாது. காய் வரைய சட்டைப் பொத்தானைச் சுற்றிக் கோடு போட்டால் அளவு சீராக வரும். கையால் போட்ட வட்டங்களில் ஒன்று பெரிதானால் அதையே துப்பு என்று பிடித்துக்கொள்வார்கள்.

பராமரிப்பு: பக்கத்தில் நேரடியாக எழுத விடாதீர்கள். மேலே ஓ.எச்.பி. ஷீட் (அடியில் உள்ளது தெரியும் பிளாஸ்டிக் தாள்) ஒன்றை வைத்து ஒயிட்போர்டு மார்க்கரால் வட்டம் போடலாம், அன்றைக்கே துடைத்துவிட வேண்டும். ஒரு வாரம் விட்டால் சாயம் தங்கும். தவறிப்போய் பர்மனென்ட் மார்க்கர் எடுத்துவிட்டால் ஷீட்டில் சானிடைசர் தொட்டுத் துடைக்கலாம். புத்தகப் பக்கத்தில் அதைச் செய்தால் அச்சு மையும் சேர்ந்து வந்துவிடும். மழையில் நனைந்த ஆர்ட் பேப்பர் காய்ந்தால் பலகைபோல் ஒட்டிக்கொள்ளும், அதன்பின் ஒன்றும் செய்ய முடியாது. ஈரமாக இருக்கும்போதே பக்கத்துக்குப் பக்கம் செய்தித்தாள் அல்ல, அச்சில்லாத வெள்ளைத்தாள் வைத்து ஃபேன் காற்றில் நிமிர்த்தி நிறுத்துங்கள். செய்தித்தாள் மை பக்கத்தில் பதிந்து, அடுத்த குழு அதையும் துப்பு என்று தேடிக்கொண்டிருக்கும்.