எச்சரிக்கை: "நிவாரணம்" என்ற பெயரில் என் வீட்டுக் கடனில் ஏறிய 7,18,897 ரூபாய்

கடந்த வியாழக்கிழமை, யாழ் நகரில் உள்ள ஒரு தனியார் வங்கியின் கிளையில், என் வீட்டுக் கடனின் நிலுவை எவ்வளவு என்று காட்டும் ஒரு பக்கக் கடிதத்தைத் தந்தார்கள். நான் 2020 ஒக்டோபரில் எடுத்த கடன் 50 இலட்சம் ரூபாய். மூன்று வருடங்களாக ஒரு மாதமும் தவறாமல் கட்டியிருக்கிறேன். கட்டிய காசின் மொத்தம் 18,78,024 ரூபாய். அந்தக் கடிதத்தில் இருந்த நிலுவையோ 55,44,762 ரூபாய். முதலில் தட்டச்சுப் பிழை என்றுதான் நினைத்தேன். பிழை இல்லை என்று சொல்லிவிட்டு, கண்ணாடிக்கு அப்பால் இருந்த பிள்ளை அடுத்த இலக்கத்தைக் கூப்பிட்டுவிட்டது.

வங்கியின் பெயரை இங்கே எழுதவில்லை. முறைப்பாடு செய்திருக்கிறேன், அது ஒரு பக்கம் நடக்கட்டும். ஆனால் இந்த நான்கு நாட்களில் நான் பேசிய ஆசிரியர்களில் மூவர் தங்களுக்கும் இதே மாதிரி ஒரு கடிதம் வந்ததாகச் சொன்னதால், நடந்ததை எல்லோரும் அறிய எழுதுவது நல்லது என்று பட்டது. வீடு கட்டக் கடன் எடுக்க இருப்பவர்கள் என்னென்ன கேட்க வேண்டும் என்பதைக் கடைசியில் விளக்கமாக எழுதுகிறேன்.

காணி அம்மா எனக்குச் சீதனமாகத் தந்தது, கோண்டாவில் பக்கத்தில் இரண்டரைப் பரப்பு. அத்திவாரம் வரைக்கும் எங்கள் சேமிப்பில் முடித்திருந்தோம். மிச்சத்துக்குக் கடன் எடுப்பது என்று முடிவு செய்து நகரில் விசாரித்தபோது, அந்த வங்கியின் கடன் உத்தியோகத்தர் நாங்கள் போவதற்கு முன்னரே வீட்டுக்கு வந்துவிட்டார். அவருடைய தங்கைக்குச் சாதாரண தரத்தில் கணிதம் படிப்பித்தவள் நான். சீமெந்துப் பைகளுக்கு மேல் ஒரு பலகையைப் போட்டு அதில் உட்கார்ந்து, அம்மா கொடுத்த தேத்தண்ணியைக் குடித்துக்கொண்டு, கைபேசியில் கணக்குப் போட்டுக் காட்டினார். இருபது வருடம், நூற்றுக்குப் பத்து வட்டி, மாதத் தவணை 48,251 ரூபாய். இரண்டு வருடத்துக்குத்தான் இந்த வீதம் நிலையானது என்று சொன்னபோது என் கணவர், அதற்குப் பிறகு என்ன நடக்கும் என்று கேட்டார். அந்தப் பதில் இப்போதும் என் காதில் இருக்கிறது.

"ரீச்சர், ஒண்டுக்கும் யோசிக்காதேங்கோ. பிறகு அங்கை இஞ்சை கொஞ்சம் மாறும், அவ்வளவுதான். நான் இருக்கிறன் தானே."

அவர் இருக்கிறார் என்பதை நம்பித்தான் நாங்கள் கையொப்பமிட்டோம். ஒரு வெள்ளிக்கிழமை, காணி உறுதியைச் சாமி அறையில் வைத்துக் கும்பிட்டு எடுத்துக்கொண்டு, நொத்தாரிசின் காரியாலயத்துக்குப் போனோம். காணியை ஈடு வைக்கும் பத்திரமான ஈட்டு முறி முழுவதும் ஆங்கிலத்தில் இருந்தது. கையொப்பமிட வேண்டிய இடங்களில் பென்சிலால் சிறு பெருக்கல் குறி போட்டு, பக்கங்களின் மேற்பாதியை மடித்து, கீழ்ப்பகுதி மட்டும் தெரியும்படி ஒவ்வொன்றாக நீட்டினார்கள். யாழ்ப்பாணத் தமிழரின் வழமைச் சட்டமான தேசவழமைக்கு உட்பட்ட மணமான பெண் தன் காணியை ஈடு வைப்பதற்குக் கணவரின் எழுத்துமூலச் சம்மதம் வேண்டும் என்பதால் அவரும் பக்கத்தில் இருந்து கையொப்பமிட்டார். முப்பத்தொரு கையொப்பங்கள், இருபது நிமிடத்துக்குள் முடிந்துவிட்டது. பிரதி பிறகு தருவதாகச் சொன்னார்கள். அந்தப் பிரதி இன்றுவரை வரவில்லை.

பதினோராம் ஆண்டுப் பிள்ளைகளுக்குக் கூட்டுவட்டி படிப்பிக்கிற நான், அன்று ஒரே ஒரு பெருக்கலைச் செய்யவில்லை. 48,251 ஐ 240 மாதங்களால் பெருக்கினால் 1,15,80,240 ரூபாய் வரும். வட்டி ஒருபோதும் மாறாமல் இருபது வருடமும் நூற்றுக்குப் பத்திலேயே நின்றிருந்தாலும், 50 இலட்சம் எடுத்த நான் 65 இலட்சத்துக்கு மேல் வட்டியாக மட்டும் கட்டியிருப்பேன். முதல் மாதத் தவணையில் 41,667 ரூபாய் வட்டிக்குப் போக, கடனில் குறைந்தது 6,584 ரூபாய்தான். இதே கடனைப் பதினைந்து வருடத்துக்கு எடுத்திருந்தால் தவணை 53,730 ரூபாய் ஆகியிருக்கும். மாதம் ஐயாயிரத்து ஐந்நூறு ரூபாய் கூடக் கட்டி, முடிவில் 19 இலட்சத்துக்கு மேல் மிச்சம் பிடித்திருக்கலாம். அந்த உத்தியோகத்தர் பதினைந்து வருடத்தைப் பற்றி வாயே திறக்கவில்லை. நானும் கேட்கவில்லை.

அப்பாச்சி காலத்தில் காணியை ஒற்றி வைத்தால், காசு கொடுத்தவர் காணியின் விளைச்சலை எடுப்பார், அதுவே வட்டிக்குச் சரியாகிவிடும். ஆயிரம் ரூபாய் வாங்கினால் பத்து வருடம் கழித்தும் ஆயிரத்தைக் கொடுத்துக் காணியை மீட்கலாம். அந்தப் பழக்கத்தில் வளர்ந்தவர்களுக்கு, ஒழுங்காகக் கட்டிக்கொண்டிருக்கும்போதே வாங்கிய முதலே வளரும் என்பது மனத்தில் ஏறுவதில்லை. எனக்கும் ஏறவில்லை.

2022 இல் நாடு பட்ட பாடு எல்லோருக்கும் தெரியும். அந்த வருடம் ஏப்ரல் 8 ஆம் திகதி மத்திய வங்கி தன் கொள்கை வட்டி வீதங்களை ஒரே நாளில் 7 சதவீதப் புள்ளிகளால் உயர்த்தியது. வங்கிகளுக்கு அது ஓரிரவுக் கடன் கொடுக்கும் துணைநில் கடன்வழங்கல் வசதி வீதம் 7.5 இலிருந்து 14.5 ஆனது. வங்கி சொல்வதன்படி, எங்கள் முறியின் ஒன்பதாம் பக்கத்தில், இரண்டு வருடத்துக்குப் பிறகு வட்டி சராசரி நிறையேற்றப்பட்ட முதன்மைக் கடன்வழங்கல் வீதத்துடன் கட்டப்படும், வருடத்துக்கு ஒருமுறை மட்டும் மீளாய்வு செய்யப்படும் என்று இருந்திருக்கிறது. வங்கிகள் தம் சிறந்த வாடிக்கையாளர்களிடம் அறவிடும் வட்டியை வைத்து மத்திய வங்கி கணிக்கும் வீதம் அது. அந்த வீதம் உச்சத்தில் நின்ற நேரம் பார்த்து எங்கள் இரண்டு வருடமும் முடிந்தது. 2022 ஒக்டோபர் இறுதியில் வந்த கடிதம், இனி வட்டி நூற்றுக்கு 28 என்றும், தவணை 1,13,381 ரூபாய் என்றும் சொன்னது. அதில் வட்டி மட்டும் 1,12,603 ரூபாய். கடனில் குறைவது 778 ரூபாய். அந்த 778 ஐ நான் மூன்று தரம் கழித்துப் பார்த்தேன்.

இதுவரை நடந்ததை நான் ஏமாற்று என்று சொல்லவில்லை. வட்டி எல்லோருக்கும் ஏறியது. வாசிக்காமல் கையொப்பமிட்டது என் பிழை. ஏமாற்று அதற்குப் பிறகுதான் நடந்தது.

எங்கள் இரண்டு சம்பளத்தையும் சேர்த்தாலும் அந்தத் தவணையைக் கட்டிவிட்டு வீட்டில் அடுப்பு எரிக்க முடியாது. அழாத குறையாக வங்கிக்குப் போனபோது, அதே உத்தியோகத்தர் எங்களைத் தனி அறைக்குள் கூட்டிக்கொண்டு போய், குளிர்ந்த தண்ணீர் தந்து, "ரீச்சருக்காக மேலிடத்தில் கதைச்சு ஒரு நிவாரணம் எடுத்து வைச்சிருக்கிறன்" என்றார். ஒரு வருடத்துக்கு மாதம் 60,000 ரூபாய் கட்டினால் போதும். கடன் தகவல் பணியகமான கிறிப்பில் பெயர் விழாது. நான் அவருடைய இரண்டு கையையும் பிடித்து நன்றி சொன்னேன். அதை நினைக்கும்போதுதான் காசு போனதைவிட அதிகமாக எரிகிறது.

நிவாரணம் என்றால் தள்ளுபடி என்று விளங்கிக்கொண்டேன். மிச்ச வட்டி என்னவாகும் என்று கணவர் கேட்டதற்கு, "அது பிறகு சரிக்கட்டலாம், அண்ணை" என்று பதில் வந்தது. அந்த நிவாரணத்துக்காகத் தந்த ஒரு பக்கக் கடிதத்தில் "கப்பிட்டலைஸ்ட்" என்ற சொல்லை நான் கண்டேன். கட்டாத வட்டியை முதலோடு சேர்த்து, அடுத்த மாதம் அதற்கும் வட்டி போடுவது என்று அதற்குப் பொருள் என்பதை யாரும் சொல்லவில்லை. முதல் மாதம் 1,12,603 ரூபாய் வட்டியில் நான் 60,000 கட்ட, மிச்சம் 52,603 ரூபாய் முதலில் ஏறியது. இரண்டாம் மாத வட்டி அந்தக் கூடிய முதலுக்கு 1,13,831 ஆனது. இப்படிப் பன்னிரண்டு மாதம். நான் அந்த வருடம் கட்டியது 7,20,000 ரூபாய்; அதே வருடத்தில் என் கடன் கூடியது 7,18,897 ரூபாய். முதல் இரண்டு வருடங்களில் 11,58,024 ரூபாய் கட்டி கடன் முதலில் 1,74,135 ரூபாயைக் குறைத்திருந்தேனே, அதுவும் போய், எடுத்த 50 இலட்சத்துக்கு மேலே இன்னும் ஐந்தரை இலட்சம் நிற்கிறது.

இது தெரியவந்ததே தற்செயலாகத்தான். கனடாவில் இருக்கும் தம்பி, கொஞ்சக் காசு அனுப்புகிறேன், கடனை ஒரு அரச வங்கிக்கு மாற்றப் பார் என்று சொன்னதால்தான் நிலுவைக் கடிதம் கேட்டேன். ஒரு வருடமாக ஒரு கணக்கு அறிக்கையும் தபாலில் வரவில்லை. கடிதத்தின் அடியில், தீர்க்கும் நாள்வரை ஒரு நாளைக்கு 4,253 ரூபாய் வட்டி சேரும் என்றும், முன்கூட்டித் தீர்ப்பதானால் நிலுவையில் நூற்றுக்கு 4 கட்டணம் என்றும் இருந்தது. அந்தக் கட்டணம் 2,21,790 ரூபாய். என் காசைக் கொண்டுபோய்க் கொடுப்பதற்கும் காசு.

வியாழன் தொடக்கம் நான் கேட்ட பதில்களை வரிசையாகச் சொல்கிறேன். அந்த உத்தியோகத்தருக்கு வவுனியாவுக்கு மாற்றம். அழைத்தால் தொலைபேசி அடிக்கிறது, எடுப்பதில்லை, வட்ஸ்அப்பில் அனுப்பியதைப் பார்த்ததற்கு நீலக் குறி மட்டும் விழுகிறது. கிளையில், இது கொழும்புத் தலைமைக் காரியாலயத்தின் தீர்மானம் என்றார்கள். கொழும்புக்கு அழைத்தால் தமிழுக்கு மூன்றை அழுத்தச் சொல்லிவிட்டு, பதினேழு நிமிடம் வாத்திய இசையைக் கேட்க வைத்து, சிங்களத்தில் பேசி, கிளையில் கேளுங்கள் என்றார்கள். முறியின் பிரதியை வங்கியில் கேட்டால் நொத்தாரிசிடம் இருக்கும் என்றார்கள். நொத்தாரிசின் எழுதுவினைஞர் அது வங்கியில்தான் இருக்கும் என்றார்.

வெள்ளிக்கிழமை முகாமையாளரைக் கண்டேன். இருக்கச் சொல்லாமலே பேசினார். "மத்திய வங்கி கூட்டினால் நாங்கள் என்ன செய்யலாம், ரீச்சர்?" என்றார். அதே மத்திய வங்கி 2023 ஜூனில் இரண்டரைப் புள்ளி, ஜூலையில் இரண்டு, ஒக்டோபரில் ஒன்று என்று குறைத்திருக்கிறதே, என் வட்டி ஏன் இன்னும் 28 இல் நிற்கிறது என்று கேட்டேன். மீளாய்வு வருடத்துக்கு ஒருமுறைதான், இந்த வருடத்தினுடையது பரிசீலனையில் இருக்கிறது என்றார். அப்படியானால் சேர்த்த 7,18,897 ரூபாயைப் பற்றி எனக்கு ஏன் தமிழில் ஒரு வரி எழுதவில்லை என்றதற்கு, "நீங்கள் படிச்ச ஆள், பார்த்துத்தானே கையொப்பம் வைச்சனீங்கள்" என்றுவிட்டுக் கைபேசியைக் கையில் எடுத்தார். அதற்கு மேல் என்னால் அங்கே நிற்க முடியவில்லை.

விளக்கமாக எழுதுகிறேன் என்று சொன்னேன், இப்போது பொறுமை இல்லை. சுருக்கமாகச் சிலவற்றைச் சொல்லிவிடுகிறேன். மாதத் தவணையைக் கேட்க முன்னரே மொத்தமாக எவ்வளவு கட்ட வேண்டும் என்று கேளுங்கள்; ஒவ்வொரு மாதமும் எவ்வளவு வட்டிக்கு, எவ்வளவு முதலுக்கு என்று காட்டும் அட்டவணையைக் கையில் வாங்காமல் கையொப்பமிடாதீர்கள். நிலையான வீதம் முடிந்ததும் எதோடு கட்டப்படும், எத்தனை மாதத்துக்கு ஒருமுறை மாறும், அதற்கு ஒரு உச்ச எல்லை உண்டா என்பதை எழுத்தில் கேளுங்கள். நிவாரணம், சலுகை என்று யாராவது சொன்னால், கட்டாத வட்டி எங்கே போகிறது என்பதை மட்டும் கேளுங்கள். தெரிந்த ஆள் என்று நம்பாதீர்கள்.

மத்திய வங்கி நிதி நுகர்வோரின் முறைப்பாடுகளை 1935 என்ற இலக்கத்தில் எடுக்கிறது. நான் இன்று காலை அழைத்தேன். முதலில் வங்கிக்கு எழுத்தில் முறைப்பாடு கொடுத்து, அதன் பிரதியையும் கடன் ஆவணங்களையும் இணைத்து அனுப்பச் சொன்னார்கள். எழுத்து முறைப்பாடு பதிவுத் தபாலில் போய்விட்டது. ஈட்டு முறிதான் என்னிடம் இல்லை. நாளைக்கு அரைநாள் லீவு போட்டு, பதிவுசெய்யப்பட்ட முறியின் அத்தாட்சிப்படுத்திய பிரதிக்கு யாழ்ப்பாணம் காணிப் பதிவகத்தில் விண்ணப்பிக்கப் போகிறேன். இப்படி நிவாரணக் கடிதம் வாங்கியவர்கள் யாராவது இருந்தால், தயவுசெய்து நாளைக்கே கிளைக்குப் போய் உங்கள் நிலுவையைக் கேளுங்கள்.