தனுஷ்கோடி உப்புக் காற்றில் ஒரு கார்பன் ட்ரைபாட்

தனுஷ்கோடியின் இடிந்த கட்டடங்களைப் பல ஆண்டுகளாக வீடியோ எடுத்து வருகிறேன். கேமராவும் லென்ஸும் மாறிவிட்டன. கேமராவை நிறுத்தும் கார்பன் ஃபைபர் முக்காலி, அதாவது ட்ரைபாட், மட்டும் அன்று வாங்கியதுதான்.

அங்கே முதல் எதிரி உப்பு. 1964 டிசம்பர் 22 இரவு அடித்த புயல் ஊரை வீழ்த்தியது. மிஞ்சிய சுவர்களை இன்றுவரை உப்பு தின்றுகொண்டிருக்கிறது. தேவாலயச் சுவர்கள் பவளப்பாறைக் கற்களால் ஆனவை. கிட்டே போய்ப் பார்த்தால் கல் முழுக்கப் பொடிப் பொடியாகத் துளைகள். அவற்றில் இறங்கும் உப்புநீர் காய்ந்து படிகமாகும்போது கல்லை உள்ளிருந்தே நெட்டி உடைக்கிறது.

அதே உப்பு ட்ரைபாட்டையும் விடாது. கார்பன் கால்கள் அரிக்கப்படுவதில்லை. அவற்றோடு ஒட்டியிருக்கும் அலுமினிய மூட்டுகள்தான் வெள்ளை பூத்து இறுகிவிடும். கார்பனும் அலுமினியமும் உப்பு ஈரத்தில் சேர்ந்தால் அலுமினியம் இன்னும் வேகமாக அரிக்கப்படும். திரும்பி வந்ததும் கால்களைக் கழற்றி, நல்ல தண்ணீரில் அலசி, உலர்த்தி, கிரீஸ் தடவிவிடுவேன். கால்களைக் கழற்ற முடியாத மாடலைக் கடற்கரை வேலைக்கு வாங்கவே வேண்டாம். மணலில் ஊன்றும்போது அடிக்காலைக் கொஞ்சம் நீட்டி வையுங்கள். காலை இறுக்கும் பூட்டு மணலுக்கு மேலேயே நிற்கும்.

இவ்வளவு பாடு எதற்கு? கேமராவைக் கையில் ஏந்தி நடந்தபடி எடுத்தால் நம் நடைதான் தெரிகிறது, கட்டடம் தெரிவதில்லை. ட்ரைபாட்டில் வைத்து மூன்று நிமிடம் தொடாமல் விட்டால், கூரையில்லாத தேவாலயத்துக்குள் மேக நிழல் நுழைந்து சுவரேறிப் போவது பதிவாகும். வாசல் வளைவின் அடியில் மணல் இழைந்தோடும். அந்த அழகுக்காகவே திரும்பத் திரும்பப் போகிறேன். உச்சி வெயிலில் 1/50 நொடி ஷட்டரில் லென்ஸ் துளையை எஃப்/4 அளவுக்கு அகலத் திறந்து வைக்க, ஐந்து ஸ்டாப் என்டி ஃபில்டர் (வெளிச்சத்தை 32-இல் ஒரு பங்காகக் குறைக்கும் கருங்கண்ணாடி) தேவைப்படும்.

இந்தக் காட்சிகளுக்குத் திகில் இசை சேர்ப்பதில் எனக்கு உடன்பாடே இல்லை. அந்தப் புயலில், பாம்பனிலிருந்து வந்த ரயிலை அதில் இருந்தவர்களோடு கடல் கொண்டுபோன இடம் அது. மீனவக் குடும்பங்கள் இன்றும் பக்கத்திலேயே வசிக்கின்றன. அவர்களைக் கேட்காமல் குடிசைகளைப் படம்பிடிக்காதீர்கள்.

2017-இல் அரிச்சல்முனை வரை சாலை திறந்துவிட்டதால் இப்போது சுமை ஒரு பொருட்டில்லை. கார்பனின் விலை கையைக் கடித்தால் கனமான அலுமினிய ட்ரைபாட்டே போதும். காற்றில் அது இன்னும் உறுதியாக நிற்கும். மிச்சமாகும் பணத்தில் மைக்குக்கு ரோமம் வைத்த உறை வாங்குங்கள். வெறும் ஸ்பாஞ்ச் உறை அந்தக் காற்றைத் தாங்காது.